நேரம் தின்று வாழ்ந்த சாம்பல் மனிதர்கள் எப்படி அழிந்தார்கள்

கதைகளில் நேரத்தைத் தின்னும் ஜந்துக்களுக்குப் பஞ்சமே இல்லை. 'டாக்டர் ஹூ' என்ற பிரிட்டிஷ் தொலைக்காட்சித் தொடரை எடுத்தால், 1972இல் க்ரோனோவோர் என்று ஒன்று வந்தது. 2007இல் வந்த 'பிளிங்க்' அத்தியாயத்தில் கல் தேவதைகள் வந்தன. நீங்கள் கண் சிமிட்டுகிற இடைவெளியில் ஓடிவந்து தொட்டு, உங்களைப் பழைய காலத்துக்குத் தள்ளிவிட்டு, நீங்கள் இங்கே வாழ்ந்திருக்க வேண்டிய நாட்களை அவை சாப்பிட்டுவிடும். ஸ்டீபன் கிங் 1990இல் எழுதிய லாங்கோலியர்களுக்கு வருங்காலத்தில் ஆசையே கிடையாது, நாம் எழுந்துபோன பந்தியில் கிடக்கும் எச்சில் இலை மாதிரி இருக்கும் நேற்றைத்தான் அவை மென்று தீர்க்கும்.

எல்லாம் சரி, ஆனால் இவற்றை ஓர் உயிரினம் என்று வைத்துப் பேச ஆரம்பித்தால் சீக்கிரமே பேச்சு நின்றுவிடும். வரும், தின்னும், பயமுறுத்தும், போகும். எப்படி வேட்டையாடும், தின்றதை எப்படிச் செரிக்கும், மிச்சத்தை எங்கே வைக்கும், தீனி கிடைக்காவிட்டால் என்ன ஆகும் என்றெல்லாம் கேட்டால் பெரிதாக ஒன்றும் கிடைக்காது. எனக்குத் தெரிந்து இத்தனைக்கும் பதில் வைத்திருப்பது, அதோடு கதை முடிவதற்குள் பூண்டோடு அழிந்தும் போனது ஒரே ஓர் இனம்தான்: மிகாயேல் எண்டே ஜெர்மன் மொழியில் எழுதி 1973இல் வெளிவந்த 'மோமோ' நாவலின் சாம்பல் மனிதர்கள். நாவலின் நீளமான துணைத்தலைப்பே அவர்களை 'நேரத் திருடர்கள்' என்றுதான் சொல்கிறது, படித்தவர்களும் அப்படியே சொல்லிப் பழகிவிட்டார்கள். எனக்கு அந்தச் சொல் போதவில்லை. திருடன் திருடுவதை விட்டுவிட்டாலும் உயிரோடு இருப்பான். இவர்கள் விட்டால் அடுத்த நிமிஷம் இல்லை. ஆக, கேட்க வேண்டியது என்ன தின்றார்கள் என்பதை.

ஆள் எப்படி இருப்பார்கள் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். கோட்டு, விறைப்பான வட்டத் தொப்பி, கைப்பெட்டி, கார் எல்லாமே சாம்பல் நிறம், முகமும் அப்படியே. வாயில் எப்போதும் ஒரு சிறிய சாம்பல் நிறச் சுருட்டு புகைந்துகொண்டிருக்கும். அவர்கள் பக்கத்தில் வந்தால் குளிரும். பெயர் கிடையாது, எக்ஸ்ஒய்க்யூ/384/பி என்கிற மாதிரி எண்தான். நேர சேமிப்பு வங்கியின் ஏஜென்ட் என்று அறிமுகப்படுத்திக்கொள்வார்கள். வந்துபோன பிறகு வந்ததே யாருக்கும் நினைவிருக்காது. அவர்கள் சொல்லிவிட்டுப் போன யோசனை மட்டும் நமக்கே தோன்றியது போல மண்டையில் உட்கார்ந்திருக்கும். வேட்டையாடும் மிருகத்துக்குப் புல்லின் நிறம் இருந்தால் எவ்வளவு வசதியோ, அவ்வளவு வசதி இந்த மறதி.

வேட்டை எப்படி நடக்கிறது என்பதற்கு எண்டே ஒரு முழுக் காட்சி எழுதியிருக்கிறார். இடம் ஒரு சலூன். முடிதிருத்துபவர் ஃபூசிக்கு வயது 42. மழை பெய்கிறது, வாடிக்கையாளர் யாரும் இல்லை, மனிதர் வாசலில் நின்றபடி என் வாழ்க்கை இப்படியே சவரமும் சோப்பு நுரையுமாகப் போகிறதே என்று நொந்துகொண்டிருக்கிறார். சரியாக அந்த நேரத்தில் ஏஜென்ட் உள்ளே வந்து நாற்காலியில் உட்கார்ந்து, சலூன் கண்ணாடியிலேயே பென்சிலால் கணக்குப் போட ஆரம்பிக்கிறான். எழுபது வருஷ ஆயுள் என்றால் 220 கோடியே 75 லட்சத்து 20 ஆயிரம் வினாடி. அதில் 42 வருஷம் போய்விட்டது, அதாவது 132 கோடியே 45 லட்சத்து 12 ஆயிரம். அது எங்கே போனது என்று பார்க்கலாமா? தூக்கம் தினம் எட்டு மணி நேரம். வேலை எட்டு. சாப்பாடு இரண்டு. வயதான அம்மாவோடு உட்கார்ந்து பேசுவது ஒரு மணி நேரம். வளர்க்கிற கிளிக்குக் கால் மணி. கடை, வீட்டு வேலை ஒரு மணி. பாட்டுக் குழு, நண்பர்கள், புத்தகம் எல்லாம் சேர்த்து மூன்று. கால் நடக்க முடியாத டாரியா என்ற பெண்ணைத் தினமும் ஒரு பூவோடு போய்ப் பார்ப்பது அரை மணி. ராத்திரி ஜன்னல் பக்கம் உட்கார்ந்து அன்றைய நாளை நினைத்துப் பார்ப்பது கால் மணி. ஒவ்வொன்றையும் வினாடியாக்கிக் கழித்துக்கொண்டே போகிறான். கடைசியில் மிச்சம் பூஜ்யம்.

இதை நான் ஃபோனில் கால்குலேட்டரைத் திறந்து வைத்துக்கொண்டு வரிக்கு வரி சரிபார்த்தேன். கணக்கு டேலி ஆகிறது, ஒரு வினாடி பிசகவில்லை. ஆகாமல் எங்கே போகும்? மேலே சொன்னதையெல்லாம் கூட்டிப் பாருங்கள், சரியாக 24 மணி நேரம் வரும். ஒரு நாளின் எல்லா வேலையையும் செலவு என்று எழுதினால் யாருக்கும் மிச்சம் பூஜ்யம்தான், அதற்கு 42 வருஷத்தால் பெருக்கவே வேண்டாம். பெருக்கியதில்தான் பெரிய தகிடுதத்தம் இருக்கிறது. கிளிக்கு 1 கோடியே 37 லட்சத்து 97 ஆயிரம் வினாடி செலவாம். இந்த எண் வர வேண்டுமென்றால் ஃபூசி தொட்டிலில் கிடந்த நாளிலிருந்து தினமும் கால் மணி நேரம் கிளியைக் கவனித்திருக்க வேண்டும், பிறந்த அன்றைக்கே எட்டு மணி நேரம் சவரம் பண்ணியிருக்க வேண்டும். ஃபூசிக்கு இது உறைக்கவே இல்லை. இவ்வளவு பெரிய எண்களைத் தன் மூஞ்சிக்கு மேலேயே கண்ணாடியில் எழுதிவைத்தால் யாருக்கு உறைக்கும்?

அப்புறம் தூண்டில். சேமித்த நேரத்தை ஐந்து வருஷம் எடுக்காமல் விட்டால் வங்கி இரட்டிப்பாக்கித் தரும். இருபது வருஷத்துக்கு முன்பே தினம் இரண்டு மணி நேரம் மிச்சம் பிடிக்க ஆரம்பித்திருந்தால், 62 வயதில், அதாவது 40 வருஷ முடிவில், போட்டது 256 மடங்காகி 2,691 கோடியே 7 லட்சத்து 20 ஆயிரம் வினாடி கையில் இருக்குமாம். வகுத்துப் பார்த்தேன், அவன் சொன்ன எழுபது வருஷ ஆயுளில் பன்னிரண்டு வாங்கலாம். ஐந்து வருஷத்தில் இரட்டிப்பு என்றால் வருஷத்துக்குச் சுமார் 14.9 சதவீதம் கூட்டு வட்டி, நாம் கேள்விப்படாத வட்டி ஒன்றும் இல்லை. ஆனால் கவனியுங்கள், நாற்பதாவது வருஷம் கடைசி நாளில் போட்ட இரண்டு மணி நேரத்தையும் அவன் 256ஆல்தான் பெருக்கியிருக்கிறான். வட்டி குட்டி போடும், சரி. போட்ட மறுநாளே 256 குட்டியா?

இவ்வளவையும் எண்டே தெரிந்துதான் எழுதினார் என்று நினைக்கிறேன், எண்கள் அவ்வளவு கச்சிதமாக உட்கார்கின்றன. ஃபூசி கையெழுத்துகூடப் போடவில்லை, வாயால் சரி என்றதே போதும். அடுத்து நடப்பதுதான் வயிற்றைப் பிசைகிறது. கிளியை விற்றுவிடுகிறார். அம்மாவை மலிவான ஒரு முதியோர் இல்லத்தில் சேர்த்து மாதத்துக்கு ஒரு தடவை பார்க்கிறார். டாரியாவுக்கு இனி வர நேரமில்லை என்று கடிதம் போடுகிறார். அரை மணி எடுத்த முடிவெட்டு இருபது நிமிஷத்தில் முடிகிறது, பேச்சு கிடையாது. மிச்சம் பிடித்த நேரம் எங்கே என்று பார்த்தால், எங்கேயும் இல்லை.

இனி சாப்பாட்டுக்கு வருவோம், நாவலில் எனக்கு ரொம்பப் பிடித்த பகுதி இதுதான். எல்லாருக்கும் நேரத்தைப் பங்கிட்டுக் கொடுக்கும் ஹோரா என்ற பெரியவர், மோமோ என்ற சிறுமியிடம் விளக்குகிறார். ஒவ்வொரு மனிதரின் நெஞ்சுக்குள்ளும் நேரம் பூவாகப் பூக்கிறது, ஒரு மணி நேரத்துக்கு ஒரு பூ. அந்த மணிப்பூக்களைத்தான் சாம்பல் மனிதர்கள் கொண்டுபோகிறார்கள். ஆனால் பறித்த பூவை அப்படியே தின்ன முடியாது, உயிருள்ள நேரம் அவர்களுக்குச் செரிக்காது. பறித்த பிறகும் தன் ஆளிடம் திரும்பிப் போகத்தான் அந்தப் பூ துடிக்கும். அதனால் நிலத்தடிக் கிடங்குகளில் பனிக்குளிரில் உறையவைத்து, கண்ணாடிக் கிண்ணம் போல விறைக்கச் செய்கிறார்கள். அவர்களிடம் நாம் உணரும் குளிர் அந்தக் கிடங்கின் குளிர். பிறகு இதழ்களைப் பிய்த்து, சாம்பல் நிறமாகும்வரை காயவைத்து, சுருட்டாகச் சுற்றுகிறார்கள். அந்தக் காய்ந்த இதழிலும் துளி உயிர் ஒட்டிக்கொண்டிருக்கும். பற்றவைத்துப் புகையாகும்போதுதான் நேரம் முழுசாகச் சாகிறது, அந்தச் செத்த நேரத்தில்தான் இவர்கள் வாழ்கிறார்கள். ஆக அந்தச் சுருட்டு புகைப்பழக்கமே அல்ல, அதுதான் மூச்சு.

இந்தச் செரிமான முறையை ஒரு தடவை புரிந்துகொண்டால் அவர்கள் ஏன் அழிந்தார்கள் என்பது பாதி புரிந்துவிடும். தனக்கென்று ஒரு வினாடிகூட இல்லாத இனம். குட்டி போடவோ பயிர் வைக்கவோ தெரியாது. பூவை நட்டு வளர்க்க முடியாது, ஏனென்றால் உயிருள்ள பூ விஷம். அவர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்பதற்கும் ஹோரா சொல்வது ஒன்றுதான்: உண்மையில் அவர்கள் ஒன்றுமே இல்லை, மனிதர்கள் இடம் கொடுத்ததால் உண்டானவர்கள். ஒட்டுண்ணி என்று சொல்லலாம், ஆனால் பேனும் உண்ணியும்கூட முட்டையாவது போடும்.

கேம்பிரிட்ஜில் கார்பஸ் கிறிஸ்டி கல்லூரி நூலகத்தின் வெளிச்சுவரில் ஒரு பெரிய கடிகாரம் இருக்கிறது, ஜான் டெய்லர் என்ற கண்டுபிடிப்பாளர் செய்துகொடுத்தது, 2008இல் ஸ்டீபன் ஹாக்கிங் திறந்துவைத்தார். ஒன்றரை மீட்டர் தங்க வட்டின் மேல் வெட்டுக்கிளி மாதிரி ஒரு கோரப் பூச்சி வாயைத் திறந்து திறந்து நிமிஷங்களை விழுங்கும். க்ரோனோஃபேஜ் என்று பெயர், கிரேக்கத்தில் காலந்தின்னி. நம் மொழியிலும் காலன் என்றாலே எமன்தான். அந்தப் பூச்சி ஆள் பார்க்காது, எல்லார் நிமிஷத்தையும் ஒரே மாதிரி விழுங்கும். சாம்பல் மனிதர்களால் அது முடியாது. நீங்கள் சரி என்று சொல்ல வேண்டும். அதனால்தான் குழந்தைகளைத் தங்கள் இயற்கையான எதிரி என்றே வெளிப்படையாகப் பேசிக்கொள்கிறார்கள். நேரத்தை மிச்சம் பிடிக்கச் சொல்லி ஒரு குழந்தையை ஒப்பவைப்பதுபோலக் கஷ்டமான வேலை அவர்களுக்கு வேறு இல்லை.

அந்தக் கஷ்டத்தில்தான் முதல் விரிசல் விழுகிறது. பிஎல்டபிள்யூ/553/சி என்ற ஏஜென்ட், பாழடைந்த வட்ட அரங்கு ஒன்றில் தனியாக வாழும் மோமோவை மடக்கப் பேசும் பொம்மையோடு வருகிறான். மோமோவிடம் ஒரே ஒரு திறமைதான் உண்டு, யார் என்ன சொன்னாலும் அப்படியே முழுசாகக் காதுகொடுத்துக் கேட்பாள். அவள் கேட்கக் கேட்க இவன் தன்னையறியாமல் எல்லா ரகசியத்தையும் கொட்டிவிடுகிறான், நேரத்தை நாங்கள்தான் எடுத்துக்கொள்கிறோம், எங்களுக்கு அது வேண்டும், எங்களை யாருக்கும் தெரியக்கூடாது, எல்லாம். பின்னாடி ஊருக்கு வெளியே குப்பைமேட்டில் ராத்திரியில் அவனுக்கு விசாரணை நடக்கிறது, மோமோவின் நண்பர், தெருக்கூட்டும் பெப்போ மறைந்திருந்து பார்க்கிறார். தண்டனை எப்படித் தெரியுமா? பெட்டியையும் சுருட்டையும் பிடுங்கிக்கொள்வது, அவ்வளவுதான். ஆள் மெல்லக் கண்ணாடியாகி, மங்கி, காற்றோடு போய்விடுகிறான். ஓர் இனம் எப்படிச் சாகும் என்று கதையின் நடுவிலேயே எண்டே காட்டிவைத்துவிடுகிறார்.

மொத்த அழிவு நடந்தது ஒரு மணி நேரத்தில். சாம்பல் மனிதர்கள் ஹோராவின் வீட்டைச் சுற்றிவளைத்து, அங்கிருந்து மனிதர்களுக்குப் போகும் நேரத்தில் தங்கள் சுருட்டுப் புகையைக் கலந்து விஷமாக்குகிறார்கள். வேறு வழியில்லாமல் ஹோரா தூங்கிப்போகிறார். அவர் தூங்கினால் உலகத்தில் நேரமே நின்றுவிடும். மோமோ கையில் மட்டும் ஒரே ஒரு மணிப்பூ, அது உதிர்ந்து முடியும்வரை ஒரு மணி நேரம் அவளால் நடமாட முடியும். உலகமே உறைந்து நிற்கிறது, பறவை வானத்தில் தொங்குகிறது, கூட ஆமை கசியோப்பியா மட்டும் துணை. இனி புதுப் பூ வராது என்று தெரிந்ததும் சாம்பல் மனிதர்கள் கிடங்கை நோக்கி ஓடுகிறார்கள். ஓட்டத்தில் சுருட்டு விழுகிறது, ஒருவன் வாயிலிருந்து இன்னொருவன் பிடுங்குகிறான், கும்பல் கும்பலாக மறைகிறார்கள்.

இதற்கு மேல் நடப்பதை நான் முதலில் படித்தபோது சரியாகக் கவனிக்கவில்லை. கிடங்குக்கு வந்து சேர்ந்தவர்கள் நீளமான மேஜையில் உட்கார்ந்து கூட்டம் போடுகிறார்கள். இருப்பு எவ்வளவு, ஆள் எவ்வளவு, எத்தனை நாள் தாங்கும்? ஆள் குறைந்தால் அதிக நாள் தாங்கும். சரி, ஒன்று இரண்டு என்று எண்ணுங்கள், காசைச் சுண்டுங்கள், ஒற்றைப்படையா இரட்டைப்படையா. தோற்றவர்கள் எந்த எதிர்ப்பும் காட்டாமல் சுருட்டை ஒப்படைத்துவிட்டு மறைகிறார்கள். மறுபடி எண்ணு, மறுபடி சுண்டு. கடைசியில் ஆறு பேர். யாரும் அவர்களைத் தாக்கவில்லை, கிடங்கு நிறையப் பூ இருக்கிறது, அப்படியும் தங்களைத் தாங்களே கழித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். ஃபூசியின் கண்ணாடியில் போட்ட அதே கழித்தல் கணக்கு. குந்தித் தின்றால் குன்றும் மாளும் என்பது நம்மூர்ப் பாட்டிகளுக்குத் தெரியும். குன்று மாளுமுன்பே கணக்குப் பார்த்துச் செத்த கூட்டத்தை வேறெங்கும் நான் படித்ததில்லை. அந்த ஆறு பேர் அசந்திருக்கும்போது மோமோ பூவால் தொட்டுக் கிடங்குக் கதவை மூடிவிடுகிறாள். பிறகு துரத்தல், ஒவ்வொருவராக மறைதல். கடைசி ஆளின் வாயிலிருந்து சுருட்டு நழுவும்போது, எல்லாம் முடிந்தது நல்லதுதான் என்கிற மாதிரி அவன் சொல்லிவிட்டுப் போவது விசித்திரமாக மனசில் நிற்கிறது. கதவு திறக்கிறது, பூக்கள் உருகி, தங்கள் தங்கள் ஆட்களின் நெஞ்சுக்குத் திரும்பிப் பறக்கின்றன.

இந்த நாவலை 'வேகமான நகர வாழ்க்கை மேல் ஒரு விமர்சனம்' என்று ஒரு வரியில் முடித்துவிடுகிறவர்கள் உண்டு. எண்டே அந்தச் சமயம் ரோமுக்குப் பக்கத்தில் ஜென்சானோவில் குடியிருந்தார், ஆற அமர வாழும் ஊரிலிருந்து ஜெர்மனியைப் பார்த்து எழுதியது என்று கொள்ளலாம், தப்பில்லை. ஆனால் உறைந்த பூவும் கிடங்கும் இரட்டிப்பு வட்டியும் எதற்கு? 1986இல் வெர்னர் ஓங்கன் என்ற ஜெர்மன் பொருளாதார அறிஞர், இதற்கும் 'வயதாகும் பணம்' என்ற யோசனைக்கும் தொடர்பு உண்டா என்று எண்டேவுக்கே கடிதம் எழுதிக் கேட்டார். ஆமாம், அது பின்னணியில் இருக்கிறது, கவனித்த முதல் ஆள் நீங்கள்தான் என்று எண்டே பதில் போட்டார்.

இந்த யோசனைக்குப் பின்னால் இருப்பவர்களில் முக்கியமானவர் சில்வியோ கெசெல் (1862–1930) என்ற ஜெர்மன் வணிகர். அவர் வாதம் எளிது: காய்கறி அழுகும், இரும்பு துருப்பிடிக்கும், பணம் மட்டும் பெட்டியில் கிடந்தால் கெடாது, அதனால் பணம் வைத்திருப்பவன் காத்திருக்கலாம், மற்றவர்களால் முடியாது, பணமும் கெடட்டும், அப்போது கை மாறும். ஆஸ்திரியாவில் வோர்கல் என்ற சிற்றூர் இதைச் செய்தே பார்த்தது. 1932இல், பொருளாதார மந்தத்தில் ஊரே வேலையில்லாமல் இருந்தபோது, மேயர் மிகாயேல் உன்டர்குகன்பெர்கர் ஊருக்கென்று ஒரு நோட்டு அச்சிட்டார். மாதத்துக்கு ஒரு சதவீதம் மதிப்புக் குறையும், அந்தக் குறைவுக்கு ஈடாக ஸ்டாம்பு வாங்கி நோட்டில் ஒட்டினால்தான் செல்லும். பெட்டியில் வைத்தால் நஷ்டம் என்பதால் நோட்டு ஊரைச் சுற்றிச் சுற்றி ஓடியது, சாலையும் பாலமும் வேலையும் வந்தன. 1933இல் ஆஸ்திரிய மத்திய வங்கி தலையிட்டு அதை நிறுத்தியது. இதைத் தெரிந்துகொண்டு நாவலுக்குத் திரும்பினால் கிடங்கில் விறைத்து நிற்கும் பூக்கள் வேறு மாதிரித் தெரிகின்றன: உதிர வேண்டியதை உதிரவிடாமல் உறையவைத்ததுதான் சாம்பல் மனிதர்களின் முழுத் தொழிலும். ஜப்பானில் இந்தப் பக்கத்தைத்தான் பிடித்துக்கொண்டார்கள், எண்டே 1995இல் இறந்த பிறகு, பணத்தைப் பற்றி அவர் பதிவுசெய்து வைத்த பேச்சை வைத்து அந்நாட்டுத் தொலைக்காட்சியான என்எச்கே 1999இல் ஓர் ஆவணப்படமே எடுத்தது.

இன்னொன்று பாக்கி. அழிந்த இனம், அழிந்த இனம் என்று இவ்வளவு நேரம் எழுதிவிட்டேன், எண்டே அதை அவ்வளவு உறுதியாகச் சொல்லவில்லை. நாவலின் பின்னுரையில், இந்தக் கதையை ஒரு ராத்திரி ரயில் பயணத்தில், வயதே கணிக்க முடியாத ஒரு சகபயணி தனக்குச் சொன்னதாக எழுதுகிறார். இதெல்லாம் நடந்து முடிந்தது போல உங்களுக்குச் சொல்லிவிட்டேன், இனிமேல் நடக்கப்போவது போலவும் சொல்லியிருக்கலாம், எனக்கு அதில் பெரிய வித்தியாசம் இல்லை என்கிற மாதிரி பேசிவிட்டு அந்த ஆள் இறங்கிப் போய்விடுகிறார். 1986இல் வந்த 'மோமோ' திரைப்படத்தில் ரயில் பயணியாக எண்டேயே தலைகாட்டுகிறார்.